கூவைத்தேரியில் ஆடி

தடுப்பூசிப் பெட்டியைத் தோளில் மாட்டிக்கொண்டு நர்ஸ் பெபியாள் கூவைத்தேரிக்குள் நுழைந்தது ஆடி மாதம் பதினொன்றாம் தேதி, புதன்கிழமை, காலை பத்தரை மணிக்கு. அதற்குப் பிறகு அந்த ஊருக்குத் தேதி என்று ஒன்று இருக்கவில்லை.

திருச்செந்தூர்ப் பக்கத்துச் செம்மணல் காட்டுக்குள் பஸ் ரோட்டிலிருந்து கொஞ்சம் தள்ளி இருந்தது கூவைத்தேரி. முப்பத்தொரு வீடுகள், ஒரு கிணறு, ஒரு அம்மன் கோயில், ஒரு டீக்கடை, சுற்றிலும் பனை. ஆடிக் காற்று அங்கே வருஷா வருஷம் மணலை வாரிக்கொண்டு போய் ஒரு இடத்தில் குவிக்கும், பிறகு அதையே வாரிக்கொண்டு வேறு இடத்தில் குவிக்கும், ஒரு வீட்டின் பின்சுவர் பாதி மறைந்துபோவதும் மறைந்துபோன ஆட்டுக்கொட்டகை மறுவருஷம் வெளியே தலைகாட்டுவதும் அந்த ஊரில் யாரும் நின்று பேசுகிற சங்கதியே இல்லை. அதனால் அந்தப் புதன்கிழமை காற்று ஒரே திசையில் அடிக்காமல் ஊரைச் சுற்றிச் சுற்றி வந்தபோதும், எப்போதும் மேற்கே நிற்கிற மணல்மேடு மத்தியானத்துக்குள் நாலு பக்கமும் பனை உயரத்துக்கு எழும்பி ஊரை வட்டமாக வளைத்துக்கொண்டபோதும், ஆட்கள் தலையில் துண்டைக் கட்டிக்கொண்டு வேலையைப் பார்த்தார்கள்.

பெபியாளுக்குத்தான் அவசரம். தூத்துக்குடியில் ஆறு மாதக் கைக்குழந்தையை மைனியிடம் விட்டுவிட்டு வந்திருந்தாள். இரண்டு மணிக்குள் திரும்பிப்போய்ப் பால் கொடுக்க வேண்டும். ஊசி போட வேண்டிய நாலு பிள்ளைகளுக்கும் போட்டு முடித்துக் கிளம்பப்போனவளைப் பனையேறி சுயம்பு ஓடிவந்து மறித்தான்.

"நர்ஸம்மா, எம் பொண்டாட்டிக்கு வலி வந்துட்டு. ஒரு எட்டு வந்து பாத்துட்டுப் போங்க."

தங்கபுஷ்பத்துக்கு அது தலைப்பிரசவம். பெபியாள் வயிற்றைத் தொட்டுப் பார்த்தாள். தலை இறங்கியிருந்தது, ஆனால் பிள்ளை பெரிது. ஆஸ்பத்திரிக்குக் கொண்டுபோவதுதான் நல்லது என்று சொன்னாள். ரோட்டுக்குப் போய் ஒரு வண்டி பிடித்துக்கொண்டு வரச் சொன்னதும், சுயம்பு சட்டைகூடப் போடாமல் மணல்மேட்டில் ஏறினான். எம் பொண்டாட்டி, எம் பிள்ளை என்று வாய்விட்டுச் சொல்லிக்கொண்டே அவன் ஏறியதை ஊரே பார்த்தது.

அரைமணி நேரத்தில் அதே பக்கமாக நிதானமாக இறங்கி வந்தான். வீட்டுக்கு வந்து ஒரு செம்பு தண்ணீர் வாங்கிக் குடித்தான். பாயில் கிடந்த தங்கபுஷ்பத்தைப் பார்த்துவிட்டுத் தன் அம்மாவிடம் மெதுவாகக் கேட்டான்.

"யாரும்மா இந்த அக்கா? மாசமா இருக்காவ போல. எதுக்கு நம்ம வீட்டுல படுத்திருக்காவ?"

தங்கபுஷ்பம் அவன் விளையாடுகிறான் என்று நினைத்தாள். அந்த நேரத்திலா விளையாடுவான் என்றும் நினைத்தாள். அவன் முகத்தைப் பார்த்ததும் அவளுக்கு வலி நின்றுபோனது. அவன் அப்படிக் கேட்டதால் நின்றதா, ஊரில் எல்லாமே நின்றதால் அதுவும் நின்றதா என்பது அப்போது யாருக்கும் தெரியாது.

அன்று பெபியாளும் மேட்டில் ஏறினாள். பால் கட்டி மார்பு கல்லாகியிருந்தது. வீடு, வீடு, வீட்டுக்குப் போக வேண்டும் என்று நினைத்துக்கொண்டே ஏறினாள். அவள் வைத்த ஒவ்வொரு அடியையும் காற்று உடனே மூடிக்கொண்டு வந்தது. உச்சிக்குப் போவதற்குள் தான் எங்கே போகிறோம் என்பது அவளுக்குத் தெரியவில்லை. தூத்துக்குடி என்ற ஊர் தெரிந்தது, அந்த ஊரில் ஒரு தெருவும் தெருவில் ஒரு கதவும் இருந்தாக வேண்டும் என்பது தெரிந்தது. எந்தத் தெரு, எந்தக் கதவு என்பது மட்டும் துடைத்துவிட்ட பலகைபோல இருந்தது. போக இடம் தெரியாதவர்கள் எல்லாரையும் போல அவளும் வந்த வழியே இறங்கினாள்.

மறுநாள் புருஷனை நினைத்துக்கொண்டு ஏறினாள். அவர் வந்து தேடுவார், எதிரே வருவார் என்று நினைத்துக்கொண்டு ஏறினாள். இறங்கி வந்தபோது தனக்குப் புருஷன் உண்டு என்பது கழுத்துத் தாலியைப் பார்த்துத்தான் அவளுக்குத் தெரிந்தது. பேரும் முகமும் போய்விட்டன. மூன்றாம் நாள் மேட்டடியில் நின்றாள். காலைத் தூக்கப்போன நேரத்தில் பிள்ளையின் அழுகை காதுக்குள் கேட்டது. தூக்கிய காலை அப்படியே பின்னுக்கு வைத்துத் திரும்பி வந்து தங்கபுஷ்பத்தின் வீட்டில் உட்கார்ந்துவிட்டாள்.

அதற்குப் பிறகு விடிந்தது, அடைந்தது, மறுபடி விடிந்தது, ஆனால் எதுவும் முன்னால் நகரவில்லை. தடுப்பூசிப் பெட்டிக்குள் ஐஸ் உருகவில்லை. காலையில் இறக்கிய பதநீர் சாயந்திரம் வரை புளிக்கவில்லை, மறுநாளும் புளிக்கவில்லை. பானையில் அரிசியை அளந்து எடுத்து உலையில் போட்டால் விடிந்தபோது பானையில் நேற்றிருந்த அளவே இருந்தது. யாருக்கும் நகம் வளரவில்லை. தங்கபுஷ்பத்தின் வயிறு இறங்கவில்லை, பிள்ளை உள்ளே அசைந்துகொண்டு மட்டும் இருந்தது. பெபியாளுக்குப் பால் வற்றவில்லை. வேளைக்கு வேளை ஊறியது. அவள் வீட்டுக்குப் பின்னால் போய்ப் பிழிந்து மணலில் விட்டாள், ஊர்ப் பெண்கள் அந்த நேரத்தில் அந்தப் பக்கம் போகாமல் இருந்தார்கள். டீக்கடை பால்வண்ணம் தினமும் ஒரு பனையில் அரிவாளால் ஒரு கோடு போட்டுக்கொண்டு வந்தார். கோடுகள் மரத்தைச் சுற்றி வந்து, அடுத்த மரத்துக்குப் போய், அதையும் சுற்றி வந்த பிறகு அவருக்கு அலுத்துவிட்டது.

ஊர் அதைப் பழகிக்கொண்டது. கடலில் போன மகனை நினைத்து நாலு வருஷமாக அழுதுகொண்டிருந்த வடிவம்மை ஒரு காலையில் மேட்டில் இருபது அடி ஏறிவிட்டு இறங்கினாள், அன்று மத்தியானம் வயிறு நிறையச் சாப்பிட்டாள், சுவரில் மாலை போட்டிருந்த படத்தைக் காட்டி யார் இந்தப் பையன், லட்சணமாக இருக்கிறான் என்று கேட்டாள். மறுநாள் மேட்டடியில் ஆறு பேர் நின்றார்கள். வரப்புச் சண்டையில் பேச்சை நிறுத்திய அண்ணன் தம்பிகள் ஆளுக்கொரு பக்கம் ஏறி இறங்கி, எதற்குப் பேசாமல் இருந்தோம் என்று தெரியாமல் சேர்ந்து வெற்றிலை போட்டார்கள். ஒருத்தி தான் வாங்கிய அடிகளைக் கொண்டுபோய்ப் போட்டுவிட்டு வந்தாள், அவளை அடித்தவனும் தன் பங்குக்குப் போய் அதையே போட்டுவிட்டு வந்தான், அவர்கள் புதிதாகக் கல்யாணமானவர்களைப் போல ஒருவரையொருவர் பார்த்துக் கூச்சப்பட்டது ஊருக்கு ஒரு மாதிரியாக இருந்தது. பிறகு கூட்டம் போட்டு ஒரு ஏற்பாடு செய்தார்கள். மேட்டில் ஏறுகிறவர் எதைப் போடப்போகிறார் என்பதை இன்னொருவரிடம் சொல்லிவிட்டுத்தான் ஏற வேண்டும், திரும்பி வந்து கேட்டால் அவர் எடுத்துச் சொல்ல வேண்டும். அது பெரிதாக உதவவில்லை. சொன்னதைக் கேட்டவர்கள் பக்கத்து ஊர்ச் செய்தியைக் கேட்பதுபோல அப்படியா, அப்படியா என்று கேட்டுவிட்டு எழுந்து போனார்கள்.

சுயம்புவுக்கும் எடுத்துச் சொன்னார்கள். அவன் நல்லவன். ஊர் சொன்னால் சரியாகத்தான் இருக்கும் என்று ஒத்துக்கொண்டு, தங்கபுஷ்பத்துக்குத் தினமும் முதல் பதநீரைக் கொண்டுவந்து வாசலில் வைத்தான். உள்ளே வரவில்லை. மகாராசியாகப் பெற்றுப் பிழைக்க வேண்டும் என்று மட்டும் சொல்லிவிட்டுப் போவான்.

"அவிய வாசல்ல நிக்கும்போதுதான் நர்ஸம்மா எனக்கு மூச்சு முட்டுது," என்றாள் தங்கபுஷ்பம். "வயித்துல ஒண்ணு வெளிய வர முடியாம கெடக்கு. நான் இந்த ஊரை விட்டு வெளிய போவ முடியாம கெடக்கேன். அதுக்கு நான் செவுரு, எனக்கு மணல் செவுரு."

பெபியாள் அந்த நாட்களில் ஒரே ஒரு காரியம்தான் செய்தாள். அசையாமல் உட்கார்ந்து பிள்ளையை நினைத்தாள். மேட்டில் கால் வைக்காதவரை நினைப்பு போகாது என்பதால், பிறந்த நாளிலிருந்து அந்தப் புதன்கிழமை காலை வரைக்கும் உள்ள ஆறு மாதத்தையும் நாள் நாளாக எடுத்துப் பார்த்து, மடித்து, திரும்ப வைத்தாள். போனால் பிள்ளையை மறந்துபோவாள். போகாவிட்டால் பிள்ளையைப் பார்க்க மாட்டாள். இந்த இரண்டுக்கும் நடுவில் அவள் எவ்வளவு காலம் உட்கார்ந்திருந்தாள் என்று அவளுக்கே தெரியாது.

வழி சொன்னது செம்பகவல்லி. அவளுக்கு யாரோடாவது சண்டை போட்டால்தான் சாப்பாடு இறங்கும். முக்கியமாகத் தன் நாத்தனாரோடு. ஒரு நாள் காலையில் கிணற்றடியில் இரண்டு பேருக்கும் பெரிய சண்டையாகி, செம்பகவல்லி கோபத்தில் கால் போன போக்கில் நடந்து மேட்டில் ஏறிவிட்டாள். நெடுநேரம் கழித்துத் திரும்பி வந்து நாத்தனாருக்கே தண்ணீர் இறைத்துக் கொடுத்தாள்.

"எவ்வளவு தூரம்க்கா போனீங்க?" என்று பெபியாள் சும்மாதான் கேட்டாள்.

"அந்தப் பக்கம் எறங்கிட்டேன்மா. ரோட்டோரத்து உடங்காடு தெரிஞ்சுது. பஸ்சு ஹாரன் அடிச்சது கேட்டுது. நமக்கு அங்கன என்ன சோலின்னு திரும்பிட்டேன்."

பெபியாள் எழுந்து நின்றாள். "போகும்போது எதை நினைச்சிட்டுப் போனீங்க?"

"அதான் தெரியல. ஏறும்போது வாயி நிக்காம யாரையோ ஏசிட்டுப் போன மாதிரி இருக்கு."

அன்று முழுவதும் பெபியாள் யோசித்தாள். பெண்டாட்டியை நினைத்துப் போனவனிடம் மணல் பெண்டாட்டியை எடுத்துக்கொண்டது. வீட்டை நினைத்துப் போனவளிடம் வீட்டை எடுத்துக்கொண்டது. சண்டையை நினைத்துப் போனவளிடம் சண்டையை எடுத்துக்கொண்டு வழியை விட்டுவிட்டது. அடிக்கு ஒன்று கேட்கிறது, அவ்வளவுதான். வேறு எதையாவது கொடுத்துக்கொண்டே போனால் போகலாம். போய்ச் சேரும்வரை போகிற காரியத்தை நினைக்கக் கூடாது.

இதைத் தங்கபுஷ்பத்திடம் சொன்னாள்.

"நானும் வாறேன். எங்கிட்ட அவ்வளவு இருக்கா கொடுக்க? எனக்கு இருபது வயசுதான ஆவுது."

"இருக்கும். பேசிக்கிட்டே போவோம். நீ பிள்ளையை மட்டும் நினைக்காத. நான் எம் பிள்ளையை நினைக்க மாட்டேன், பிரசவம் பாக்க எனக்குத் தெரிஞ்சதையும் நினைக்க மாட்டேன். மத்தது எல்லாம் போனாப் போகுது."

ஊர் வழியனுப்ப வந்தது. வேறு யாரும் கிளம்பவில்லை. வெளியே போய் என்ன செய்யப்போகிறோம் என்று பாதிப் பேருக்குத் தெரியவில்லை, தெரிந்த பாதிக்குப் பயமாக இருந்தது. சுயம்பு துணி மூட்டையை மேட்டடி வரை தூக்கிக்கொண்டு வந்து பெபியாளிடம் கொடுத்தான்.

"பாத்துப் போங்கக்கா," என்றான் தன் பெண்டாட்டியைப் பார்த்து.

தங்கபுஷ்பம் தலையை ஆட்டினாள்.

பெபியாள் பள்ளிக்கூடத்தில் தொடங்கினாள். ஒன்றாம் வகுப்பில் பக்கத்தில் உட்கார்ந்தவள் பேர், அவள் கொடுத்த இலந்தைப்பழம், மழைக்கு ஒழுகிய மூலை, கணக்கு வாத்தியாரின் இருமல் என்று ஒவ்வொன்றாக வாய்விட்டுச் சொல்லி ஒவ்வொரு அடி வைத்தாள், சொல்லி முடித்ததும் அது இல்லாமல் போனது, இல்லாமல் போனது என்னவென்றும் தெரியாததால் அவளுக்கு வலிக்கவில்லை, அடுத்ததை எடுத்தாள். தங்கபுஷ்பம் தன் தம்பிமார்களையும், வளர்த்த ஆட்டுக்குட்டியையும், கோயில் கொடையில் பார்த்த வில்லுப்பாட்டையும், முதல் தாவணியின் நிறத்தையும் சொல்லிக்கொண்டு வந்தாள். பெபியாள் அப்பா இறந்த நாளைக் கொடுத்தாள், ஹாஸ்டலைக் கொடுத்தாள், ஞாயிற்றுக்கிழமைகளைக் கொடுத்தாள், வாய்ப்பாட்டை ஒன்றிலிருந்து பதினாறு வரைக்கும் கொடுத்தாள். மேடு முடிவதாக இல்லை.

உச்சியில் வைத்துப் பால் ஊறியது. மார்பு கனத்து ஜாக்கெட் நனைந்தது. உடம்பு நினைப்பதை மனது நினைக்காமல் இருக்க வேண்டும். ஒரு முகம் வரப்போவது அவளுக்குத் தெரிந்தது. சின்ன முகம். பல்லைக் கடித்துக்கொண்டு அதற்கு முன்னால் வேறொரு முகத்தை இழுத்து வைத்தாள், தன் அம்மாவின் முகத்தை. அம்மா தலைசீவிவிட்டதை, அம்மா கை சூட்டை, அம்மா கூப்பிடுகிற குரலைச் சொல்லிச் சொல்லி முப்பது அடி இறங்கினாள். முப்பத்தோராவது அடியில் அழுதுகொண்டிருந்தாள். எதற்கு என்று தெரியவில்லை.

கீழே உடைமரக் காடும் அதற்கப்பால் தார் ரோடும் தெரிந்தபோது தங்கபுஷ்பம் நின்றுவிட்டாள். "நர்ஸம்மா, எங்கிட்ட ஒண்ணும் மிச்சமில்ல. அவிய மட்டுந்தான் இருக்காவ."

இன்னும் நாற்பது அடி இருக்கும். பெபியாள் அவள் கையைப் பிடித்துக்கொண்டாள். அவளிடமும் கொடுக்க அதிகம் இல்லை. தங்கபுஷ்பத்திடம் அதைக் கொடு என்று சொல்லவும் அவளுக்கு வாய் வரவில்லை.

"அவியளுக்கு நான் இல்ல. நான் மட்டும் வச்சுக்கிட்டு என்ன செய்ய," என்றாள் தங்கபுஷ்பம். பிறகு பெண் பார்க்க வந்த அன்று அவன் காபியைச் சிந்தியதிலிருந்து ஆரம்பித்தாள். ஓலைப்பட்டையில் அவன் கொண்டுவந்த நுங்கு, பனையிலிருந்து இறங்கும்போது அவன் நெஞ்சில் இருக்கும் கீறல், கோபம் வந்தால் சாப்பாட்டைத் தள்ளிவைப்பது, பிள்ளை உண்டானதைச் சொன்ன அன்று அவன் ஒன்றும் பேசாமல் வெளியே போய்க் கிணற்றடியில் உட்கார்ந்திருந்தது. ஒவ்வொன்றுக்கும் ஒரு அடி. குரல் உடையாமல் சொன்னாள். கடைசி அடியில் அவன் பேரைச் சொன்னாள்.

தார் ரோட்டில் கால் வைத்ததும் அவளுக்கு வலி பிடித்தது. நின்ற இடத்திலிருந்து அப்படியே பிடித்தது.

உடைமர நிழலில் துணியை விரித்துப் பெபியாள் பிரசவம் பார்த்தாள். தன் பேரையும் ஊரையும்கூடக் கடைசி அடிகளுக்குக் கொடுத்துவிட்டிருந்த அவளுக்கு அந்த வேலை மட்டும் விரலுக்கு விரல் தெரிந்திருந்தது. பெரிய பிள்ளை. தோள் மாட்டியது. திருப்பி எடுத்தாள். ஆண் பிள்ளை, எடுத்ததும் அழுதது. உப்பு ஏற்றிக்கொண்டு வந்த லாரி நின்றது. டிரைவர் சட்டைப் பையிலிருந்து சோப்புக்கட்டி அளவில் ஒன்றை எடுத்துக் காதில் வைத்து ஆஸ்பத்திரிக்குத் தகவல் சொன்னார். அது என்னவென்று இரண்டு பேருக்கும் தெரியவில்லை.

"எந்த ஊரும்மா நீங்க?"

தங்கபுஷ்பம் திரும்பிப் பார்த்தாள். உடைமரத்துக்குப் பின்னால் சிவப்பு மணல் தட்டையாகக் கிடந்தது. மேடு எதுவும் இல்லை.

"இந்தப் பிள்ளைக்கு அப்பா யாரு?" என்று ஆஸ்பத்திரியில் பதிவெழுதும் பெண் கேட்டபோது தங்கபுஷ்பம் பிள்ளையின் முகத்தைக் கூர்ந்து பார்த்தாள். "நல்லவராத்தான் இருக்கணும்," என்றாள்.

பெபியாளுடைய பேரை அவள் சேலையில் குத்தியிருந்த பேட்ஜைப் பார்த்து எழுதிக்கொண்டார்கள். பழைய நர்ஸ் ஒருத்தி அந்தப் பேரைப் படித்துவிட்டுக் கதவருகே உட்கார்ந்துவிட்டாள். கூவைத்தேரியை மணல் மூடிப் பதினோரு வருஷம் ஆகிறது என்று பதிவெழுதும் பெண்ணின் காதில் சொன்னாள். ஒரு மாதம் தோண்டினார்களாம். ஒரு ஓட்டுத்துண்டுகூடக் கிடைக்கவில்லையாம்.

மறுநாள் காலை ஒரு ஆள் வார்டுக்குள் வந்தார். காதோரம் நரைத்திருந்தது. கட்டிலுக்கு இரண்டடி தள்ளி நின்று, "பெபி," என்று கூப்பிட்டார்.

"நீங்கதான் அவரா இருக்கணும்," என்றாள் பெபியாள். "மன்னிச்சிருங்க. எனக்கு உங்க பேரு தெரியல."

"எபனேசர்," என்றார் அவர்.

அவள் அவர் கைகளைப் பார்த்தாள். வெறும் கைகள். எழுந்து உட்கார்ந்து அவருக்குப் பின்னால் எட்டிப் பார்த்தாள். "பிள்ளையைக் கொண்டு வரலியா? கிருபா எங்க? பால் குடுத்து நேரமாச்சு."

அவர் ஒதுங்கினார். பின்னால் இரட்டைச் சடையும் பள்ளிக்கூடச் சீருடையுமாக ஒரு பெண் நின்றாள்.

"நான்தான்," என்றாள் அவள்.

பெபியாள் அவளைப் பார்த்துக்கொண்டே இருந்தாள். எல்லாவற்றையும் கொடுத்துவிட்டு ஒரு முகத்தைக் கொண்டுவந்திருந்தாள். அந்த முகம் இந்த வார்டில் எங்கேயும் இல்லை. அதைக் காப்பாற்றிக்கொண்டு வந்தது யாருக்கு என்று அவளுக்கு விளங்கவில்லை. மணலுக்குள் உட்கார்ந்திருந்தபோதுகூட அப்படி அடைபட்டதுபோல அவளுக்கு இருந்ததில்லை. பெண்ணும் கிட்டே வரவில்லை. அவளுக்கு மட்டும் என்ன தெரியும்.

பக்கத்துக் கட்டிலில் தங்கபுஷ்பத்தின் பிள்ளை அழ ஆரம்பித்தது. அவளுக்கு இன்னும் பால் இறங்கவில்லை. பெபியாள் கையை நீட்டிப் பிள்ளையை வாங்கி மாரோடு வைத்துக்கொண்டாள். எபனேசர் வெளியே போனார். பெண் போகவில்லை. பிள்ளை குடிக்கிற சத்தத்தைக் கேட்டுக்கொண்டு நின்றாள்.

"எனக்கும் இப்படித்தான் குடுத்தீங்களா?"

"இல்லை," என்றாள் பெபியாள். "நீ இப்படி அமைதியா குடிக்க மாட்ட. இடது பக்கம்தான் வேணும் உனக்கு. வலது பக்கம் போட்டா மூஞ்சியத் திருப்பிக்குவ. குடிச்சுக்கிட்டே ஒரு கையால என் சேலையைப் பிடிச்சுத் திருகுவ, விரலு சிவந்துபோகும்."

பெண் கட்டிலின் கால்மாட்டில் வந்து உட்கார்ந்தாள். "அப்புறம்?"

"பிறந்து பதினெட்டாம் நாள் ராத்திரி பூரா அழுத. என்ன செஞ்சும் நிக்கல. விடியக்காலம் பால்காரன் மணி அடிச்சான், அதைக் கேட்டுட்டுச் சிரிச்ச. அதுதான் நீ முதல்ல சிரிச்சது."

அவள் சொல்லிக்கொண்டே போனாள். நாற்பதாம் நாள் ஞானஸ்நானத்தில் தண்ணீர் பட்டதும் தும்மியது, மூன்றாம் மாதம் குப்புற விழுந்துவிட்டுத் திரும்பத் தெரியாமல் கோபப்பட்டது, எறும்பைப் பிடிக்கப் பார்த்தது என்று ஒரு நாள் விடாமல் சொன்னாள். பெண் இமைக்காமல் கேட்டாள். அதையெல்லாம் அவளுக்குச் சொல்ல அதுவரை உலகத்தில் யாரும் இருந்ததில்லை.

"அந்தப் புதன்கிழமை காலையில பால் குடுத்துட்டு மைனி கையில உன்னைக் குடுத்தேன். என் செயினைப் பிடிச்சுக்கிட்டு நீ விடல. விரலை ஒவ்வொண்ணா எடுத்து விட்டுட்டு பஸ்சுக்கு ஓடினேன்." பெபியாள் நிறுத்தினாள். "அவ்வளவுதான். அதுக்கப்புறம் எனக்குத் தெரியாது."

வார்டில் யாரோ பாத்திரம் கழுவுகிற சத்தம் கேட்டது. பெண் செருப்பைக் கழற்றிவிட்டுக் காலை மடக்கிக் கட்டிலில் ஏறி உட்கார்ந்துகொண்டாள்.

"அதுக்கப்புறம் நான் சொல்லுதேன்," என்றாள். "எட்டாம் மாசம் எனக்குப் பல்லு முளைச்சுதாம். கீழ ரெண்டு."